வெள்ளை மாமியிடம் சாகப் பழகிய வருடம்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: நான் ஒன்பது வயதில் சாவதற்கு டியூஷன் போனவன். நீங்களெல்லாம் கணக்குக்கும் விஞ்ஞானத்துக்கும் புத்தகப் பையைத் தூக்கிக்கொண்டு வெள்ளவத்தை ஒழுங்கைகளில் அலைந்த அதே பின்னேரங்களில், நான் ஒரு மேல்மாடியின் சீமெந்துத் தரையில் கண்ணைச் செருகிக்கொண்டு விழுந்து விழுந்து எழும்பிக்கொண்டிருந்தேன். வீட்டில் கேட்டால் இங்கிலீஷ் படிக்கிறேன் என்றேன். இரண்டிலும் தேறவில்லை என்பதை, என் இங்கிலீஷைக் கேட்டவர்களும் நான் இன்னும் உயிரோடு சீனி வருத்தக் குளிசை போட்டுக்கொண்டு திரிவதைப் பார்ப்பவர்களும் ஒத்துக்கொள்வார்கள்.

உங்களுக்கும் நினைவிருக்கும், அந்த வருடங்களில் எங்கள் பெற்றோருக்கு எலகியூஷன் என்றொரு காய்ச்சல் பிடித்திருந்தது. பிள்ளை கழுத்துப்பட்டி கட்டி, கைகளைத் தொடையோடு ஒட்டவைத்து, தான் கண்டிராத பூவைப் பற்றியும் தொட்டிராத பனியைப் பற்றியும் இங்கிலீஷில் ஒப்பிக்க வேண்டும். ஒப்பித்தால் சான்றிதழ். சான்றிதழ் இருந்தால் பிறகொரு நாள் ஏதோ ஒரு நாடு கதவைத் திறக்கும். யுத்த காலத்தில் தாய் தகப்பன் கண்ட கனவு அது. அதைப் பகிடி பண்ண எனக்கு யோக்கியதை இல்லை. நானும் என் பிள்ளைகளைப் பிடித்து இழுத்துக்கொண்டு ஏதேதோ வகுப்புகளுக்கு ஓடியவன்தான்.

அந்த நேரம் பார்த்துத்தான் எங்கள் பிளாட்டின் உச்சிக்கு வெள்ளை மாமி குடிவந்தார். அவருடைய புருசன் கப்பல் மாமா, அப்பாவுக்குத் தூரத்துச் சொந்தம். இளவயதில் கப்பல் எந்திரம் படிக்கப் போலந்துக்குப் போனவர், படிப்போடு ஒரு நடிகையையும் கூட்டிக்கொண்டு திரும்பி வந்தார். கொட்டாஞ்சேனையில் துறைமுகத்துக்குக் கிட்ட நெடுங்காலம் இருந்துவிட்டு, பிறகு கடற்கரைப் பக்கம் வந்தார்கள். மாமா வருடத்தில் முக்கால்வாசி கப்பலில் இருப்பார். மாமி வருடம் முழுக்கப் பல்கனியில் இருப்பார்.

வெள்ளைக்காரி என்றால் இங்கிலீஷ். இதில் ஒழுங்கை முழுவதிலும் ஒருவருக்கும் சந்தேகம் வரவில்லை. அம்மா என் தலையை எண்ணெய் வைத்து வாரி, கையில் ஒரு சீப்பு கதலி வாழைப்பழத்தையும் தந்து, மேலே கூட்டிக்கொண்டு போனார்.

"அக்கா, இவனுக்கு இங்கிலீஷ் கொஞ்சம் சொல்லிக் குடுக்க ஏலுமே?"

"ஓம் தங்கச்சி. வரட்டும்," என்றார் மாமி. யாழ்ப்பாணத்துத் தமிழ், கொஞ்சம் மூக்கால் வந்தது.

படியிறங்கும்போது அம்மாவுக்கு வாய் ஓயவில்லை. "பார், எவ்வளவு படிச்ச மனுசி. எங்களோட இங்கிலீஷில கதைச்சு மட்டந்தட்டாமல் தமிழில கதைக்கிறா."

முதல் நாள் மாமி என்னைக் கதிரையில் இருத்தி, பால் தேத்தண்ணி தந்து, "சொல்லு, கேப்பம்," என்றார். நான் எழும்பி நின்று, பள்ளிக்கூடத்தில் தந்த பாட்டை மூச்சு விடாமல் ஒப்பித்தேன். மாமி கண்ணை மூடிக்கொண்டு கேட்டார்.  வெளியே கல்கிசைப் பக்கம் போகும் ரயில் யன்னல் கண்ணாடிகளை உதறிவிட்டுப் போனது.

"நல்லாயிருக்கு, தம்பி. இது இங்கிலீஷோ?"

"ஓம், மாமி."

"எனக்கு இங்கிலீஷ் தெரியாது. அம்மாவுக்குச் சொல்லாதை. பிறகு நீ வரமாட்டாய்."

"வேற என்ன மாமி தெரியும்?"

அவர் விரலை மடக்கவில்லை, யோசிக்கவும் இல்லை. "நடக்கத் தெரியும். இருக்கத் தெரியும். சாகத் தெரியும்," என்றார்.

பாஷை தெரியாததால் இங்கிலீஷில் கேட்ட கேள்விகளுக்கெல்லாம் பேசாமல் தலையை நிமிர்த்திக்கொண்டு போனவரை, பெருமைக்காரி என்று ஒழுங்கை சொல்லிக்கொண்டிருந்தது. அன்றைக்கு அது எனக்கு மட்டும் தெரிந்த இரகசியம். ஒரு பெரிய ஆளின் இரகசியத்தைக் கையில் வைத்திருக்கும் ஒன்பது வயதுக்காரன் எவ்வளவு நிமிர்ந்து நடப்பான் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

அவரிடம் ஒரு பிஸ்கட் டின் இருந்தது. மூடியில் காற்றாலைப் படம், துருவேறிய விளிம்பு. உள்ளே கறுப்பு வெள்ளைப் படங்கள். திறந்தால் பழைய பவுடரும் பூஞ்சணமும் கலந்த ஒரு வாசம் வரும்; இன்றைக்கும் எங்காவது பூட்டிக் கிடந்த அலுமாரியைத் திறந்தால், நான் ஒரு கணம் போலந்தில் நிற்பேன். துறைமுக நகரம் ஒன்றில் இரவில் மேடை நாடகம், பகலில் சினிமா. மேடையில் அவர் ராணியாக, வேலைக்காரியாக, ஒருமுறை ஆம்பிளையாகக்கூட வாழ்ந்திருக்கிறார். சினிமாவில் மட்டும் வந்தால் சாவார். அந்த முகத்தைக் கண்டதும் டைரக்டர்மாருக்கு வேறொன்றும் தோன்றவில்லையாம். ஒரு படத்தில் இருமிச் செத்தார். ஒரு படத்தில் பனிக்குள் படுத்துச் செத்தார். ஒன்றில் சுவரோடு நிறுத்திச் சுட்டார்கள். இன்னொன்றில் ஆற்றில் மிதந்தார், தலைமயிர் பாசிபோல விரிந்து கிடந்தது.

"ஒண்டிலையும் சாகாமல் இருக்கேல்லையோ, மாமி?"

"ஒண்டு இருக்கு. நான்தான் கதாநாயகி. டிராம் வண்டியில டிக்கட் குடுக்கிற பொம்பிளை. கடைசிவரைக்கும் உயிரோட இருப்பன்." படத்தைத் துடைத்து டின்னுக்குள் வைத்தார். "அது ஓடேல்லை. சனத்துக்கு நான் சாகாதது பிடிக்கேல்லை."

கப்பல் மாமாவைச் சந்தித்ததும் ஒரு சாவினால்தான். மேடையில் காசநோய்க்காரியாக இருமி இருமிச் சாகும் வேடம். மேல்வரிசையில் பாஷை விளங்காமல் இருந்து பார்த்த யாழ்ப்பாணத்துப் பெடியன், அந்த மனுசிக்கு உண்மையாகவே நெஞ்சுச்சளி என்று நம்பிவிட்டார். அடுத்த நாள் நாடகம் முடிந்ததும், வீட்டிலிருந்து பார்சலில் வந்த சுக்கையும் மல்லியையும் அவித்து, சுடுதண்ணிப் போத்தலில் ஊற்றிக்கொண்டு மேடைக்குப் பின்னால் போய் நின்றாராம். வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்ததாம்.

"குடிச்சீங்களோ?"

"முழுக்கக் குடிச்சனான். முகத்தைச் சுளிக்கேல்லை. அதுதான் நான் செய்த திறமான நடிப்பு."

பிறகு மாமியின் ஊரிலும் தெருவில் ஆமி இறங்கியது. நாடகக் கொட்டகையைப் பூட்டினார்கள். எங்கள் ஊரில் இந்தக் கரைச்சல் ஒன்றும் இல்லை, வா, என்று மாமா கூட்டிக்கொண்டு வந்தார். "மாமா பொய் சொல்லேல்லை, தம்பி. அவர் சொன்ன நேரம் அது உண்மைதான்," என்று மாமி சிரித்தார். அந்தச் சிரிப்பு எதற்கு என்று அப்போது விளங்கவில்லை. நானும் கூடச் சிரித்துவைத்தேன்.

கொண்டுவந்த சாமான்களில் ஒன்று நரித்தோலில் செய்த கழுத்துச் சால்வை. கொழும்பு வெக்கையில் அதற்கு என்ன வேலை? பூஞ்சணம் பிடிக்காமல் இருக்க, வெயில் நாட்களில் அதைப் பல்கனிக் கொடியில் காயப்போடுவார். கீழ்வீட்டுக்காரர் அதைச் செத்த கீரி என்று நினைத்துச் சத்தம் போட்டார். காகங்கள் கூட்டமாக வந்து இழவு கொண்டாடின. மிளகாய் காயும் பாய்க்கும் காகக் கூட்டத்துக்கும் நடுவில், கையில் தும்புத்தடியோடு நின்ற அந்த நடிகையை நான் இப்போதும் கனவில் காண்பதுண்டு. கனவில் கடல் எழும்பிப் பல்கனி வரைக்கும் வந்து நிற்கும். அவர் அதையும் தும்புத்தடியால் தள்ளிவிடுவார்.

பாடம் இப்படி நடக்கும். நான் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு, சுழன்று, மேசையில் முட்டி, தரையில் விழுந்து, கையைக் காலை உதறி, நாக்கை வெளியே போட்டுச் சாவேன். மாமி பலாக்கொட்டை உரித்துக்கொண்டே பார்ப்பார்.

"நீ சாக ஆசைப்படுறாய், தம்பி. அதுதான் பிழை. சாகிறவர் சாக ஆசைப்படமாட்டார். அவருக்குத் தண்ணி குடிக்கவேணும், யன்னலைப் பாக்கவேணும், வீட்டை போகவேணும். நீ வீட்டை போக ஆசைப்படு. சாவு தானா வரும்."

நான் வீட்டை போக ஆசைப்பட்டேன். வீடு கீழ்மாடியில் என்பதால் அவ்வளவு உருக்கமாக வரவில்லை.

அந்தத் தவக்காலத்தில் கொட்டாஞ்சேனைக் கத்தோலிக்கக் கோயிலில் திருப்பாடுகளின் நாடகம் போட்டார்கள். நாடகம் பழக்கியவர் துறைமுகத்தில் கிளார்க். மாமி ஞாயிறு பூசைக்கு அங்கேதான் பஸ் ஏறிப் போவார். ரோமாபுரித் தேசாதிபதியின் மனைவிக்கு வெள்ளைத்தோல் வாய்ப்பாக இருக்கும் என்று கிளார்க் அவரைக் கேட்டிருக்கிறார். "வசனம் ஒண்டும் இல்லை மிஸிஸ், சும்மா பக்கத்தில இருந்தாக் காணும்." அம்மாவும் நானும் பார்க்கப் போனோம். மாமி சிம்மாசனத்தில் வந்து இருந்தார். அவ்வளவுதான் செய்தார். சனம் சிலுவையைப் பார்க்கவில்லை, தேசாதிபதியைப் பார்க்கவில்லை. எல்லாக் கண்ணும் அந்தப் பக்கத்துக் கதிரையில். தேசாதிபதியாக நடித்த மீன் வியாபாரி அவரைப் பார்த்தபடியே, தீர்ப்புச் சொல்லிக் கை கழுவ மறந்து நின்றார், திரைக்குப் பின்னாலிருந்து கிளார்க் "கையை, கையை" என்று கத்தும் வரைக்கும். வரும் வழியில் பஸ்ஸில் அம்மா சொன்னார்: "மனுசி சும்மா இருக்கிறதே ஒரு வடிவு."

அந்த வசனந்தான் பின்னால் எங்களைப் பொலிஸ் நிலையத்துக்குக் கொண்டுபோனது.

கொலன்னாவை எண்ணெய்த் தாங்கிகள் தாக்குதலில் எரிந்ததும் அந்த வருடந்தான். வானத்தின் ஒரு பாதி கறுத்துக் கிடந்தது. கொடியில் காய்ந்த வெள்ளைச் சட்டைகளில் கரிப்பொட்டு விழுந்தது. அதற்குப் பிறகு தமிழ்ப் பெடியன்களைத் தேடிப் பிடிக்கும் சுற்றிவளைப்பு கூடியது. எங்கள் வீட்டு ஹோலில் பெரியம்மாவின் மகன் படுத்திருந்தார். யாழ்ப்பாணத்திலிருந்து வந்து, கனடாவுக்குப் போகக் காத்துக்கொண்டிருந்த அண்ணா. நல்ல பகிடிக்காரர், பாணுக்குச் சம்பலா, சம்பலுக்குப் பாணா என்று கேட்கும் அளவுக்குச் சாப்பிடுவார். ஒரு விடியற்காலை ஜீப் வந்தது. அடையாள அட்டை சரி, பொலிஸ் பதிவும் சரி. இருபத்திரண்டு வயதுத் தமிழன் என்பதுதான் பிழை. உடுத்திருந்த சாரத்தோடு ஏற்றிக்கொண்டு போனார்கள்.

பின்னேரம் லொறி வரும், வந்தால் பிடித்தவர்களைத் தெற்கே ஏதோ முகாமுக்குக் கொண்டுபோவார்கள், போனால் எப்போது வருவார்கள் என்று கேட்க ஆளில்லை: இது ஒழுங்கையில் எல்லோருக்கும் தெரிந்த விஷயம். லொறிக்கு முன்னம் வெளியே எடுக்க வேண்டும். அப்பா சேட்டைப் போட்டுக்கொண்டு வெளிக்கிட்டார். அம்மா கதவில் மறித்துக்கொண்டு நின்றார். "ஆம்பிளை போனா ஆளையும் சேர்த்து வைப்பாங்கள். நான் போறன்." சொல்லிவிட்டு, கீழே இறங்காமல் மேலே ஏறினார்.

மாமி முழுவதையும் கேட்டார். பிறகு உள்ளே போய் வந்தபோது வேறு ஆள். சாம்பல் நிறக் கவுன், கையுறை, தொப்பி, கழுத்தில் நரி.

"அக்கா, இது வேர்க்குமே?" என்றார் அம்மா.

"வேர்க்காது. இந்த மனுசி வேர்க்கமாட்டா."

"யாரெண்டு கேட்டா என்ன சொல்லப்போறீங்க?"

"நான் சொல்லமாட்டன். அவை சொல்லுவினம்." பிறகு என்னைப் பார்த்தார். "தம்பியும் வரட்டும். பிள்ளை ஒண்டு பக்கத்தில நிண்டா நம்புவினம்."

ஒரு பெரிய கலைஞர் தன் வாழ்நாளில் செய்த ஒரேயொரு பிழையான நடிகர் தெரிவு அதுதான்.

பொலிஸ் நிலையத்தில் சனம் சுவரோர நீள வாங்கில் நெருக்கி இருந்தது. மாமி வாங்கைப் பார்க்கவேயில்லை. மேசைக்கு முன்னால், பெரிய ஆட்கள் வந்தால் இருப்பதற்கென்று வைத்திருந்த கைப்பிடிக் கதிரையில் போய் இருந்தார். கைப்பையை மடியில் வைத்தார். சுவர் மணிக்கூட்டைப் பார்த்தார். ஒரு சொல் பேசவில்லை. நான் அருகில் நின்றேன், அம்மா பின்னால்.

முதலில் ஒரு கொன்ஸ்டபிள் வந்து பார்த்துவிட்டுப் போனார். பிறகு இருவர். 'எம்பசி' என்ற சொல் ஒரு மேசையிலிருந்து இன்னொரு மேசைக்குத் தாவியது. மின்விசிறியை எங்கள் பக்கம் திருப்பினார்கள். கண்ணாடிக் கிளாசில் வெறுந்தேத்தண்ணி வந்தது. மாமி அதைத் தொடவில்லை. சிறிது நேரத்தில் பீங்கான் கோப்பையில், தட்டோடு, பால் தேத்தண்ணி வந்தது. அதற்கு மட்டும் தலையை ஒரு நெல்லளவு அசைத்தார்.

இன்ஸ்பெக்டர் வெளியே வந்து இங்கிலீஷில் ஏதோ கேட்டார். மாமி அவரைப் பார்த்தார். பாவம், தாமதமாக வந்த வேலைக்காரனைப் பார்ப்பதுபோல. பிறகு மறுபடி மணிக்கூட்டைப் பார்த்தார். அம்மா முன்னால் வந்து, சிங்களத்தில் அண்ணாவின் பெயரைச் சொன்னார். இன்ஸ்பெக்டர் உள்ளே குரல் கொடுத்தார். அண்ணாவைக் கூட்டிவந்து நிறுத்தினார்கள். சாரம் கசங்கி, தலை குழம்பி, எங்களைக் கண்டும் காணாததுபோல நின்றார். விடுவதைப் பதியப் பெரிய புத்தகத்தை விரித்தார்கள். இன்ஸ்பெக்டர் பேனையைத் திறந்துகொண்டே ரெலிபோன் எடுக்க உள்ளே போனார்.

அப்போது பக்கத்தில் நின்ற இளம் கொன்ஸ்டபிள் குனிந்து, நல்ல மனதோடுதான், என்னைக் கேட்டார்: "மல்லி, மே நோனா கவுத?" யார் இந்த அம்மா என்று.

வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு பொலிஸ்காரர் என்னிடம் மரியாதையாக ஒன்று கேட்கிறார். நான் நெஞ்சை நிமிர்த்தி, "லொக்கு நிளியக்," பெரிய நடிகை, என்றேன். அவருக்கு விளங்கவில்லை போலத் தெரிந்தது. ஆகவே செய்து காட்டினேன்.

சொன்னால் நம்பமாட்டீர்கள், அது அருமையான சாவு. நெஞ்சைப் பிடிக்கவில்லை, சுழலவில்லை. வாசலைப் பார்த்தேன், வெளியே வெயிலில் ஒரு பஸ் போனது, வீட்டை போக உண்மையாகவே ஆசைப்பட்டேன். முழங்கால் தானாக மடிந்தது. கன்னம் குளிர்ந்த தரையில் பட்டது. பூட்ஸ் கால்கள் ஓடிவந்தன. பிறகு நான் ஒரு கண்ணைத் திறந்து, "நோனாதான் பழக்கினவ," என்று சிங்களத்தில் விளக்கம் சொன்னேன். நிலையம் முழுக்கச் சிரிப்பு வெடித்தது. என் முதலாவது கைதட்டல். எழும்பிப் பார்த்தபோது அம்மாவின் முகத்தில் அதற்குமுன் கண்டிராத ஒரு நிறம். பெருமை என்று எடுத்துக்கொண்டேன்.

சிரிக்காதவர், சத்தம் கேட்டு வெளியே வந்த இன்ஸ்பெக்டர் ஒருவர்தான். புத்தகத்தை மூடினார். அண்ணாவை உள்ளே கொண்டுபோனார்கள். மாமியைத் தன் அறைக்குக் கூப்பிட்டார். பாஸ்போட், விசா, கணவர் எங்கே, எந்தக் கப்பல், இந்தப் பெடியன் உங்களுக்கு யார் என்று வெகுநேரம் கேட்டிருக்க வேண்டும். வெளியே வந்தபோது மாமி அந்தக் கைப்பிடிக் கதிரைக்குப் போகவில்லை. சனத்தோடு வாங்கில், அம்மாவுக்குப் பக்கத்தில் இருந்தார். மின்விசிறி வேறு பக்கம் திரும்பியிருந்தது. நரியைக் கழற்றி மடியில் வைத்தார். நெற்றியிலிருந்து ஒரு வியர்வைத் துளி இறங்கி நாடியில் நின்றது. ராணிக்கு வேர்க்கிறதே என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது.

வெயில் மஞ்சளாகி, சுவரில் ஏறி, கம்பி யன்னலின் நிழலைத் தரையில் நீட்டியது. யாருடையவோ குழந்தை அழுது ஓய்ந்தது. அம்மாவின் கையை மாமி பிடித்திருந்தார். அப்போது வாசலில் லொறி வந்து நின்றது. பெயர் கூப்பிட்டார்கள். பெடியன்கள் ஒவ்வொருவராக வந்தார்கள். அண்ணா வந்தார்.

மாமி எழும்பிப் போனார். நடை மாறியிருந்தது. எந்தப் படத்தின் நடையும் இல்லை. முழங்கால் வருத்தமுள்ள ஒரு பொம்பிளையின் நடை. இன்ஸ்பெக்டருக்கு முன்னால் நின்று, சந்தையில் பழகிய சிங்களத்தில், "ஏயா மகே புத்தா," என்றார். அவன் என் மகன்.

இன்ஸ்பெக்டர் மாமியைப் பார்த்தார், அண்ணாவைப் பார்த்தார். "இதுவும் நடிப்பா, நோனா?" என்று மெதுவாகக் கேட்டார்.

மாமி அண்ணாவின் பக்கத்தில் போய் நின்றார். பிள்ளை பெறாத மனுசி அவர். அன்றைக்கு அது எனக்குத் தெரியும், ஆனால் தெரியாது. லொறி எஞ்சின் ஓடிக்கொண்டேயிருந்தது. இன்ஸ்பெக்டர் தொப்பியைக் கழற்றித் தலையைத் தடவினார், வேறெங்கோ பார்த்தார், அண்ணாவை ஒருபக்கம் விடச் சொல்லிக் கையைக் காட்டினார்.

கடற்கரைத் தண்டவாளத்தோடு நடந்து வந்தோம். கடல் செம்பு நிறமாக, ஒன்றுமே நடக்காததுபோல அசைந்துகொண்டிருந்தது. அண்ணா சாரத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு முன்னால் போனார். ஒருவரும் பேசவில்லை, என் நடிப்பில் எல்லோரும் உருகிப்போய் வருகிறார்கள் என்று நினைத்தேன். படியேறும்போது மாமி கைப்பிடிச் சுவரைப் பிடித்து நின்று என்னைத் திரும்பிப் பார்த்தார்.

"இனி டியூஷன் இல்லை, தம்பி."

படிப்பு முடிந்துவிட்டது, நான் பாஸ் என்று துள்ளிக்கொண்டு வீட்டுக்குள் ஓடினேன்.

அண்ணா அடுத்த வருடம் கனடா போனார். மாமா ஓய்வெடுத்ததும் மாமியும் அவருமாக அந்தத் துறைமுக நகரத்துக்கே திரும்பிப் போனார்கள். பிஸ்கட் டின்னும் போனது. நரி மட்டும் பல்கனிக் கொடியில் மறந்துபோய் விடப்பட்டு, காகங்களுக்கே சொந்தமாயிற்று. போன மாதம் மாமாவின் சொந்தக்காரர் ஒருவர் ரெலிபோன் எடுத்துச் சொன்னார், மாமி போய்விட்டார் என்று. கடல் தெரியும் ஒரு முதியோர் இல்லம், யன்னலோரக் கட்டில். இந்த முறை கமரா இல்லை. கடைசியாகத் தண்ணீர் கேட்டாராம். கேட்டதும் எனக்குப் பலாக்கொட்டை உரிக்கும் சத்தம் காதில் வந்தது. வெகுநேரம் யன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஒருவரோடு பேச வேண்டும் போலிருந்தது. கனடாவுக்கு எடுத்தேன். அண்ணா செய்தியைக் கேட்டு அழுதார். இருவருமாகக் கொஞ்சநேரம் மூக்கை உறிஞ்சினோம். பிறகு, இத்தனை கலியாண வீடுகளில் இத்தனை பேருக்குச் சொன்ன கதைக்கு ஒரு சாட்சி வேண்டாமா என்று, ஆசையோடு கேட்டேன்:

"அண்ணா, உண்மையைச் சொல்லுங்கோ. அண்டைக்கு மாமி பாதி, நான் செத்தது பாதி, அப்பிடித்தானே உங்களை விட்டவங்கள்?"

"நீ சாகாமல் நிண்டிருந்தா, நான் மத்தியானச் சாப்பாட்டுக்கு வீட்டை வந்திருப்பன்."